லிங்க் இல்லாவிட்டால் யாருக்கும் தெரியாதா?

கேள்வி: என் தளத்தின் முழு பேக்கப்பையும் ஜிப் கோப்பாக சர்வரிலேயே வைத்திருக்கிறேன். எங்கிருந்தும் அதற்கு லிங்க் கிடையாது. தேடுபொறிகள் எதைத் தொடக்கூடாது என்று சொல்லும் ரோபோட்ஸ் டாட் டிஎக்ஸ்டி கோப்பிலும் அந்த ஃபோல்டரைத் தடுத்துவிட்டேன். போதும்தானே?

பதில்: போதாது. ரோபோட்ஸ் கோப்பை யார் வேண்டுமானாலும் திறந்து படிக்கலாம். ஒளித்த இடத்தை நீங்களே எழுதி வாசலில் ஒட்டியிருக்கிறீர்கள்! 1994-இல் வந்த அந்த ஏற்பாடு தேடுபொறிகளிடம் வைக்கும் வேண்டுகோள், அவ்வளவுதான். 2022-இல் அதை முறைப்படுத்திய ஆவணமே, இது அனுமதிக் கட்டுப்பாடு அல்ல என்கிறது.

லிங்க் இல்லாததும் காவல் ஆகாது. 'பேக்கப் டாட் ஜிப்' போன்ற பெயர்களை வரிசையாகத் தட்டிப் பார்க்கவே நிரல்கள் சுற்றுகின்றன. யார் எதைக் கேட்டார்கள் என்று பதிவாகும் என் சர்வர் லாகில் தினமும் பார்க்கிறேன். பாஸ்வேர்டுகள் இருக்கும் டாட் என்வ் கோப்பு, நிரலின் பழைய பதிப்புகள் இருக்கும் டாட் கிட் ஃபோல்டர் என்று கேட்டு, 404 (அதாவது 'இல்லை') வாங்கிக்கொண்டு போகும்.

பலர் கவனிக்காத ஒன்று: தளத்தின் அமைப்புகள் இருக்கும் கான்ஃபிக் டாட் பிஎச்பியைத் திருத்துமுன் கடைசியில் 'டாட் பேக்' சேர்த்து நகல் எடுப்பார்கள். பிஎச்பி கோப்பை சர்வர் இயக்கி, விளைவை மட்டும் அனுப்பும். நகலையோ பெரும்பாலும் வெறும் எழுத்தாக அப்படியே நீட்டிவிடும், டேட்டாபேஸ் பாஸ்வேர்டு உட்பட.

சரி, என்ன செய்யலாம்? ஜிப்பை, வெளியுலகுக்குத் திறந்திருக்கும் பப்ளிக் எச்டிஎம்எல் ஃபோல்டருக்கு வெளியே நகர்த்துங்கள். சர்வர் மென்பொருள் அபாச்சி என்றால் 'ஆப்ஷன்ஸ் மைனஸ் இன்டெக்ஸஸ்' போட்டு ஃபோல்டர் பட்டியலை நிறுத்துங்கள். அப்புறம் லாகில் அந்த ஜிப்பின் பெயரைத் தேடுங்கள். தெரியாத முகவரிக்கு 200 (அதாவது 'இந்தா கோப்பு') என்று பதில் போயிருந்தால், உள்ளேயிருந்த பாஸ்வேர்டுகள் அத்தனையையும் இன்றே மாற்றுங்கள்.