மே தினம் வெறும் லீவு நாளா?

கேள்வி: பாதிப் பேர் காண்ட்ராக்ட், மீதிப் பேர் வீட்டிலிருந்தே லேப்டாப்பில் வேலை. இந்தக் காலத்தில் மே தின விடுமுறைக்கு என்ன அர்த்தம்?
- வாசகர், கடலூர் முதுநகர்

பதில்: மே மாதச் சம்பளச் சீட்டை எடுத்து, 1ஆம் தேதிக்கு என்ன போட்டிருக்கிறார்கள் என்று பாருங்கள்.

1958ஆம் ஆண்டின் தேசிய, பண்டிகை விடுமுறைச் சட்டப்படி தமிழ்நாட்டில் ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 நான்கும் சம்பளத்தோடு விடுமுறை. தொழிற்சாலை, கடை, ஓட்டல் எல்லாம் இதில் அடக்கம். அன்று வேலை வாங்க வேண்டுமானால் முன்கூட்டியே எழுத்தில் நோட்டீஸ் தர வேண்டும்; தொழிலாளர் துறை ஆய்வாளருக்கும் நகல் போக வேண்டும். தினக்கூலி 600 ரூபாய் என்றால், வீட்டில் இருந்தவருக்கு 600. வேலைக்கு வந்தவருக்கு 1,200. அல்லது 600-உடன் வேறொரு நாள் சம்பளத்தோடு லீவு. இரண்டில் எது என்பது தொழிலாளியின் விருப்பம், மேஸ்திரியின் விருப்பம் அல்ல.

கோளாறு நடப்பது மஸ்டரில், அதாவது வருகைப் பதிவேட்டில். மே 1 கட்டத்தில் 'வார ஓய்வு' என்று எழுதிவிட்டு, ஞாயிற்றுக்கிழமை டியூட்டிக்கு வரச் சொல்வார்கள். இரண்டு ஓய்வு ஒன்றாகச் சுருங்கிவிடும். இன்னொரு வகை, 'சி-ஆஃப் (ஈடாக வேறொரு நாள் லீவு) தருகிறேன்' என்ற வாய்ச்சொல். பதிவில் ஏறாத சி-ஆஃப் ஜூன் மாதத்தில் யாருக்கும் நினைவிருக்காது. தேதி போட்டு எழுதி வாங்குங்கள். லேப்டாப்காரர்களுக்கு எழுத்துதான் சாட்சி. போனில் வேலை சொன்னால், 'நீங்கள் சொன்னபடி இன்று பார்க்கிறேன்' என்று உடனே ஒரு மெயில் போட்டுவிடுங்கள்.

சங்கம் இல்லாத காண்ட்ராக்ட் ஆளுக்குத்தான் இந்த நாள் மற்ற எவரையும்விட அவசியம். அவர் பேரம் பேசிப் பெற வேண்டியதில்லை, சட்டத்திலேயே இருக்கிறது.

பக்கத்துப் புதுச்சேரியில் வேலைநிறுத்தத்தில் இருந்த சவானா பஞ்சாலைத் தொழிலாளர்களை 1936 ஜூலை 30 அன்று பிரெஞ்சுப் போலீஸ் சுட்டது. 12 பேர் உயிர் போனது. அடுத்த ஆண்டு அங்கே 8 மணி நேர வேலை சட்டமானது. பழங்கதை என்பீர்கள். 2023 ஏப்ரலில் நம் சட்டமன்றத்தில் 12 மணி நேர வேலைக்கு வழிவிடும் மசோதா நிறைவேறியது. எதிர்ப்பு வலுத்தது. அதைத் திரும்பப் பெறுவதாக முதல்வர் அறிவித்த தேதி, மே 1.

சீட்டில் தொகை குறைந்திருந்தால் சம்பளச் சீட்டு, டியூட்டி பட்டியல், மெயில் மூன்றின் நகலோடு கடலூர் தொழிலாளர் உதவி ஆணையர் (அமலாக்கம்) அலுவலகத்தில் மனு கொடுங்கள். கொடுத்ததற்கு ரசீது வாங்காமல் வெளியே வராதீர்கள்.