தட்டுகளை மேசையோடு கழுவும் ஊமைப்படம் எது?

உப்புக் குப்பிகள் கூரையிலிருந்து கயிற்றில் தொங்க, இரு நண்பர்கள் உண்டு முடித்துத் தட்டுகளை மேசைப் பலகையோடு சேர்த்தே கழுவும் காட்சியைச் சாப்ளின் படங்களில் தேடிக் களைத்துவிட்டதாக எழுதியிருந்தீர்கள். அது சாப்ளின் படமன்று. ஊமைப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனும் எட்வர்ட் கிளைனும் இயக்கி 1920-இல் வெளிவந்த 'தி ஸ்கேர்குரோ' என்னும் குறும்படம். உண்ணும் இருவரில் ஒருவர் கீட்டன், மற்றவரான பருத்த மனிதர் ஜோ ராபர்ட்ஸ். தட்டுகள் பலகையிலேயே ஒட்டப்பட்டிருப்பதால், அதைத் தூக்கி நிறுத்தித் தண்ணீரைப் பீய்ச்சினால் வேலை முடிந்தது. (இந்த உத்தியை என் வீட்டில் சொல்லிப் பார்த்தேன், எடுபடவில்லை.) வேலை கோணலாகிப் போவதைத்தான் பார்க்க விரும்புகிறீர்கள் என்றால், வீட்டுப் பாகங்கள் அடங்கிய பெட்டிகளின் எண்களைப் பொறாமைக்காரன் ஒருவன் மாற்றிவிட, புதுமணத் தம்பதியர் தாறுமாறாக வீடு கட்டும் 'ஒன் வீக்' படமும் அதே ஆண்டில் வந்ததே.