எக்ஸ்டர்னல் டிரைவில் போட்ட கேம் மறுநாள் காணாமல் போனால்

எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க்கில் போட்டு நேற்று வரை ஓடிய கேமுக்கு, இடையில் ஒரு பென்டிரைவ் செருகிய பிறகு இன்று ஸ்டீம் (கேம்களை வாங்கி இறக்கும் மென்பொருள்) மறுபடியும் 'இன்ஸ்டால்' பட்டனைக் காட்டுகிறது, ஓடியபோதும் லோடிங் ஆமை வேகம் என்று கேட்டிருக்கிறீர்கள். பதறிப்போய் 80 ஜிபியை மறுபடி இறக்கிவிடாதீர்கள். விண்டோஸ் ஒவ்வொரு டிரைவுக்கும் ஓர் ஆங்கில எழுத்தைப் பெயராகக் கொடுக்கும்; அந்த பென்டிரைவ் உங்கள் டிரைவின் 'ஈ' (E) எழுத்தைப் பிடித்துக்கொண்டு அதை 'எஃப்' (F) ஆக்கியிருக்கும், ஸ்டீம் பாவம் பழைய இடத்திலேயே தேடிக்கொண்டிருக்கிறது.

முதலில் ஸ்டீமை முழுவதுமாக மூடுங்கள் (மூலையில் பெருக்கல் குறியை அழுத்தினால் போதாது, எக்சிட் கொடுக்க வேண்டும்). ஸ்டார்ட் பட்டனில் ரைட் கிளிக் செய்து டிஸ்க் மேனேஜ்மென்ட்டைத் திறந்து, அந்த எக்ஸ்டர்னல் டிரைவுக்கு 'எக்ஸ்' (X) மாதிரி வேறு எதுவும் வந்து உட்காராத எழுத்தைக் கொடுங்கள். அப்புறம் ஸ்டீம் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பகுதியில் அந்த டிரைவைச் சேர்த்தால் பழைய கேம்கள் திரும்ப வந்துவிடும்.

வேகத்துக்கு, எந்த போர்ட்டில் செருகியிருக்கிறீர்கள் என்று பாருங்கள். யூஎஸ்பி 2.0 என்றால் நொடிக்கு 35, 40 எம்பி தாண்டுவதே கஷ்டம். 3.0 போர்ட்டின் உள்ளே பெரும்பாலும் நீல நிறம் இருக்கும், கேபிளும் 3.0 ஆக இருக்க வேண்டும், பலர் கோட்டை விடுவது இங்கேதான். அதற்குப் பிறகும் ஓப்பன் வேர்ல்டு கேம்கள் திக்கினால் அது சுழலும் ஹார்ட் டிஸ்க்கின் குணம், அந்த ஒன்றிரண்டை மட்டும் கம்ப்யூட்டரின் உள்ளே இருக்கும் எஸ்எஸ்டிக்கு (சுழலும் பாகம் இல்லாத வேகமான டிரைவ்) மாற்றிக்கொள்ளுங்கள்.