மீத்தேன் எப்போது எரியும், எப்போது வெடிக்கும்? வாசகர் கேள்விகளும் பதில்களும்

பள்ளி அறிவியல் விழாக்கள் நெருங்குவதாலோ என்னவோ, இம்முறை வந்த கேள்விகளில் பெரும்பாலானவை மீத்தேனைப் பற்றியவை. ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்து, சற்றுச் சுருக்கித் தந்திருக்கிறேன்.

பட்டர்வொர்த் தமிழ்ப்பள்ளி ஆசிரியை ஒருவர்: சோப்பு நுரைக்குள் மீத்தேனை நிரப்பி, நனைந்த உள்ளங்கையில் ஏந்திப் பற்றவைக்கும் காணொளியைப் பார்த்தோம். கை சுடவே இல்லை. ஆறாம் ஆண்டு மாணவர்களை வைத்து இதைச் செய்யலாமா?

மாணவர்களை வைத்துச் செய்ய வேண்டாம். ஆசிரியரே செய்வதானாலும், ஆய்வுக்கூடக் குழாயில் வருவது எந்த வாயு என்பதை முதலில் பார்த்துக்கொள்ளுங்கள். இத்தகைய காணொளிகளில் பயன்படுவது பெரும்பாலும் குழாய்வழி வரும் இயற்கை எரிவாயு; அதில் மிகப் பெரும்பங்கு மீத்தேன்தான். மலேசியாவில் நம் பள்ளிகள் பலவற்றிலோ, ஆய்வுக்கூடத்தின் பின்புறம் நிற்கும் கேஸ் தோம்பிலிருந்து வருவது புரொப்பேனும் பியூட்டேனும் கலந்த எல்பிஜி. காற்றின் சராசரி மூலக்கூறு எடை 29 என்றால், மீத்தேனுடையது 16, புரொப்பேனுடையது 44, பியூட்டேனுடையது 58. ஆகவே மீத்தேன் நுரை மேலே எழ முயலும். எல்பிஜி நுரை கையிலிருந்து வழிந்து, மேசை விளிம்பைத் தாண்டி, செய்பவரின் கால்சட்டையிலும் காலணியிலும் போய்ப் படியும். பற்றவைத்தால் தீயும் அதே வழியில்தான் இறங்கும்.

கை சுடாததற்குக் காரணம் மந்திரமன்று. ஒரு கிலோகிராம் நீர் ஆவியாவதற்கு ஏறத்தாழ 2,260 கிலோஜூல் வெப்பம் தேவைப்படுவதால், தோலின் மேலுள்ள மெல்லிய நீர்ப்படலம்கூட ஓரிரு நொடி வெப்பத்தைத் தன்னுள் வாங்கிக்கொள்கிறது. எரியும் வாயுவும் உள்ளங்கையில் தங்காமல் மேல்நோக்கிப் போய்விடுகிறது. இவ்விரண்டில் ஒன்று தவறினாலும் கை புண்ணாகும். முழங்கைவரை நனைக்காமல் விரல்களை மட்டும் நனைத்தவர், நீண்ட கைச்சட்டை அணிந்தவர், சற்றுமுன் ஆல்கஹால் கிருமிநாசினியைத் தடவிக்கொண்டவர் ஆகிய எவரும் இதன் அருகே போகக்கூடாது. இன்னொன்றும் உண்டு: நம் வகுப்பறைகளில் நாள் முழுதும் சுழலும் மின்விசிறி, மேலே எழும் தீப்பிழம்பைச் சாய்த்து முகத்தின் பக்கம் தள்ளிவிடும். கைத்தட்டல் வாங்குவதற்கு இதைவிட நல்ல சோதனைகள் எத்தனையோ இருக்கின்றன என்பது என் கருத்து.

செந்தூலிலிருந்து படிவம் நான்கு மாணவர்: ஒரு பல்கலைக்கழகத் திறந்தநாளில், மேலும் கீழும் துளையிட்ட டின் ஒன்றில் மீத்தேனை நிரப்பி, மேல்துளையில் பற்றவைத்தார்கள். சிறிது நேரம் அமைதியாக எரிந்தது. அணைந்துவிட்டது என்று நினைத்தபோது மூடி கூரைவரை பறந்தது. ஏன் உடனே வெடிக்கவில்லை?

மீத்தேனைப் பற்றி ஒரே ஒரு சோதனையைத்தான் காட்டலாம் என்றால் நான் இதைத்தான் தேர்ந்தெடுப்பேன். மீத்தேன் காற்றுடன் கன அளவில் 5 முதல் 15 விழுக்காடுவரை கலந்திருந்தால் மட்டுமே அந்தக் கலவைக்குள் தீ பரவும். அதற்குக் குறைந்தால் எரிபொருள் போதாது. மிகுந்தால் ஆக்சிஜன் போதாது. ஒரு பங்கு மீத்தேன் முழுமையாக எரிய இரண்டு பங்கு ஆக்சிஜன் வேண்டும். காற்றில் ஆக்சிஜன் 21 விழுக்காடே இருப்பதால், கணக்குப் போட்டுப் பார்த்தால் சரியான கலவை 9.5 விழுக்காட்டளவில் வந்து நிற்கும். வெடிப்பு மிகக் கடுமையாக இருப்பதும் அந்த அளவை ஒட்டியே.

டின்னில் நடந்ததை இப்போது நினைத்துப் பாருங்கள். தொடக்கத்தில் உள்ளே இருந்தது ஏறக்குறைய முழு மீத்தேன். ஆக்சிஜன் இல்லாத அந்த இடத்துக்குள் தீ நுழைய முடியாது. துளையின் வாயில், வெளிக்காற்றைத் தொடும் விளிம்பில் மட்டும் அது மஞ்சளாக எரிந்தது. இலேசான மீத்தேன் மேலே வெளியேற வெளியேற, கீழ்த்துளை வழியே காற்று உள்ளே புகுந்தது. பிழம்பு சுருங்கியது, மஞ்சள் மங்கி நீலமானது, பகல் வெளிச்சத்தில் கண்ணுக்கே தெரியாமல் போனது. பார்வையாளர்கள் "அணைந்துவிட்டது" என்று சொல்லிக்கொண்டு கிட்டே குனிவது இந்தக் கட்டத்தில்தான், ஆபத்தும் இந்தக் கட்டத்தில்தான். உள்ளிருக்கும் கலவை 15 விழுக்காட்டுக்குக் கீழே இறங்கி, வாயு வெளியேறும் வேகமும் தீ முன்னேறும் வேகத்தைவிடக் குறைந்துவிட்டால், தீ துளை வழியே உள்ளே குதித்துவிடும். அசையாத மீத்தேன் கலவையில் தீ நொடிக்கு 40 சென்டிமீட்டர் அளவில்தான் முன்னேறும் என்றாலும், மூடிய டின்னுக்குள் சூடான வாயு விரிவதற்கு இடமில்லை; ஆகவே மூடி பறக்கிறது.

நிலக்கரிச் சுரங்கங்களை அச்சுறுத்தியதும் இதே கலவைதான். இங்கிலாந்தின் ஃபெல்லிங் சுரங்கத்தில் 1812ஆம் ஆண்டு நிகழ்ந்த வெடிப்பில் 92 பேர் மாண்டனர். மூன்றாண்டு கழித்து வேதியியலாளர் ஹம்ஃப்ரி டேவி, விளக்கின் சுடரைச் சுற்றி நுண்ணிய கம்பிவலையை அமைத்தார்; வலை வெப்பத்தை உறிஞ்சிவிடுவதால், உள்ளே எரியும் தீ வெளியே உள்ள கலவையை எட்டவில்லை.

சுபாங் ஜெயா வாசகர்: 2025 ஏப்ரல் 1ஆம் தேதி புத்ரா ஹைட்ஸில் எரிவாயுக் குழாய் தீப்பற்றியபோது, குழாய் முழுவதும் ஏன் வெடித்துச் செல்லவில்லை? தீயை உடனே அணைக்காதது ஏன்?

முந்தைய பதிலை மனத்தில் வைத்துக்கொண்டால் இது எளிது. குழாய்க்குள் இருந்தது காற்றில்லாத, அழுத்தம் மிகுந்த இயற்கை எரிவாயு. அதனுள் தீ பயணம் செய்ய இயலாது. உடைப்பின் வாயில் காற்றைச் சந்தித்த இடத்தில் மட்டும் அது எரிந்து, 30 மீட்டருக்கும் மேலாக எழுந்தது. அணைக்காமல் விட்டதும் அறிந்தே செய்யப்படுவதுதான். வாயு வந்துகொண்டிருக்கும்போது சுடரை மட்டும் அணைத்தால், எரியாத வாயு பரவி, எங்கோ ஓரிடத்தில் 5 முதல் 15 விழுக்காட்டுக்குள் வந்து, ஒரு மின்பொறியிலேயே வெடிக்கலாம். மீத்தேனைப் பற்றவைக்க ஏறத்தாழ 0.3 மில்லிஜூல் ஆற்றல் போதும். அதனால் இருபுறமும் அடைப்பிதழ்களை (வால்வுகளை) மூடிவிட்டு, இடையில் எஞ்சிய வாயு எரிந்து தீரும்வரை காத்திருந்து, சுற்றியுள்ளவற்றைக் காப்பதே முறை.

புக்கிட் மெர்தாஜாமிலிருந்து ஒரு பெரியவர்: தோட்டத்தில் நாங்கள் சிறுவர்களாக இருந்தபோது, சதுப்பு ஓரத்தில் இரவில் தெரியும் வெளிச்சத்தைக் கொள்ளிவாய்ப் பிசாசு என்பார்கள். அது மீத்தேன்தானா?

சதுப்பில் மீத்தேன் இருப்பது உறுதி, ஐயா. நீருக்கடியில், ஆக்சிஜன் இல்லாத சேற்றில் தழைகள் மக்கும்போது நுண்ணுயிர்கள் அதை உண்டாக்குகின்றன. இத்தாலியின் அலெசாண்ட்ரோ வோல்டா 1776ஆம் ஆண்டு மஜோரே ஏரியின் கரையில் சேற்றைக் குச்சியால் கிளறி, எழுந்த குமிழிகளைப் பிடித்து எரித்துக் காட்டினார். சிக்கல் வேறிடத்தில் இருக்கிறது: தானாகப் பற்றிக்கொள்ள மீத்தேனுக்கு 500 செல்சியஸுக்கும் மேலான வெப்பம் தேவை, சதுப்பிலோ தீக்குச்சி இல்லை. மக்கும் பொருளிலிருந்து வரும் பாஸ்பரஸ் சேர்மங்கள் காற்றில் தாமே பற்றி மீத்தேனையும் கொளுத்துகின்றன என்பது பழைய விளக்கம். நீரில் எழும் நுண்குமிழிகளுக்கிடையே மிகச் சிறிய மின்னல்கள் தோன்றி மீத்தேனை ஆக்சிஜனேற்றம் செய்யக்கூடும் என்று அமெரிக்க ஆய்வாளர்கள் 2025ஆம் ஆண்டு ஆய்வுக்கூடத்தில் காட்டினார்கள். எனக்கு இந்த இரண்டாவது விளக்கம் பிடித்திருக்கிறது. ஆனாலும் அறிஞர்களிடையே வழக்கு இன்னும் முடியவில்லை. பிசாசுக் கட்சியினருக்கும் அதுவரை வாய்தா உண்டு.

கிள்ளான் வாசகி: புகைமூட்டக் காலத்தில் கரிமண் நிலங்கள் வாரக்கணக்கில் எரிவதும் மீத்தேனால்தானே?

அன்று. அங்கே கனன்றுகொண்டிருப்பது, முழுதும் மக்காத தழைகள் படிந்து உருவான கரிமண்ணேதான், வாயுவன்று. வடிகால் வெட்டி நீர் வற்றிய மண், பிழம்பில்லாமல் நிலத்தடியில் கனலும். நீர் நிறைந்திருந்தால் மீத்தேன் வரும், தீ வராது.

செம்பனை ஆலை ஒன்றில் பணிபுரியும் இளைஞர்: கழிவுநீர்க் குளத்தை மூடி, வரும் வாயுவைக் குழாயின் உச்சியில் சும்மா எரித்துவிடுகிறார்கள். வீண்தானே? எரிப்பதால் காற்றும் கெடாதா?

மின்சாரம் எடுக்காமல் எரிப்பது வீண்தான், மறுக்கவில்லை. ஆனால் எரிக்காமல் விடுவது அதைவிடக் கேடு. செம்பனை ஆலைக் கழிவுநீரிலிருந்து வரும் சாணவாயு போன்ற இந்தக் கலவையில் மீத்தேன் 60 விழுக்காட்டை ஒட்டியிருக்கும். எஞ்சியதில் பெரும்பங்கு கரியமிலவாயு. நூறாண்டுக் கணக்கில் ஒரு டன் மீத்தேன் ஏறத்தாழ 27 முதல் 30 டன் கரியமிலவாயுவுக்கு ஈடாகப் புவியைச் சூடாக்கும். அதையே எரித்தால் 2.75 டன் கரியமிலவாயுவே உண்டாகும்.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்ல வேண்டியிருக்கிறது. அந்தக் குளத்தருகே உங்களுக்கு உடனடி எதிரி தீயாக இல்லாமலும் போகலாம். அந்த வாயுவில் ஹைட்ரஜன் சல்ஃபைடும் கலந்திருக்கிறது. தொடக்கத்தில் அழுகிய முட்டையாக நாறும் அது, அளவு கூடியதும் மூக்கின் உணர்வையே மரத்துப்போகச் செய்துவிடும். நாற்றம் நின்றதை நலம் என்று எண்ணி ஒருவர் குழிக்குள் இறங்கி விழ, அவரைத் தூக்க இறங்கியவரும் விழுவது இத்தகைய விபத்துகளில் திரும்பத் திரும்ப நிகழ்வது. வாயுமானியும் மூச்சுக்காற்றுக் கருவியும் இல்லாமல் எவர் சொன்னாலும் இறங்காதீர்கள்.

பிரிக்ஃபீல்ட்ஸ் வாசகர்: இமாசலப் பிரதேசத்தின் ஜுவாலாமுகி கோயிலில் விறகும் நெய்யும் இன்றி எரியும் சுடர், மீத்தேன் என்பது உண்மையா?

பாறை வெடிப்புகளின் வழியே வரும் இயற்கை எரிவாயுதான். இந்தோனேசியாவின் ம்ராப்பென் சுடரும் அத்தகையதே. 2018 ஆசிய விளையாட்டுப் போட்டிக்கான தீபத்தில் அந்தச் சுடரும் சேர்ந்தது. துருக்கியின் யனார்தாஷ் குன்றில் 2,000 ஆண்டுகளுக்கும் மேலாக எரிவதில் ஒரு புதுமை உண்டு: அங்குள்ள மீத்தேனில் கணிசமான பங்கு உயிரினங்களிலிருந்து வந்ததன்று, பாறையும் நீரும் வினைபுரிந்து விளைந்தது. வணங்குபவர் வணங்கட்டும், வேதியியல் அதற்குக் குறுக்கே நிற்கவில்லை.

ஜாலான் ஈப்போ அடுக்குமாடிக் குடியிருப்பாளர்: சமையலறையில் வாயுக் கசிவு எச்சரிக்கைக் கருவி பொருத்த விரும்புகிறோம். கடைக்காரர் ஒருவர் தரையருகே என்கிறார், மற்றவர் கூரையருகே என்கிறார். எது சரி?

இருவரும் சரியே, வேறுவேறு வாயுக்களுக்கு. தோம்பு வைத்திருந்தால் எல்பிஜி; அது தரையில் படரும், ஆகவே கருவி தரையிலிருந்து 30 சென்டிமீட்டருக்குள் இருக்க வேண்டும். குழாய்வழி இயற்கை எரிவாயு என்றால் மீத்தேன் கூரையடியில் சேரும், கருவி கூரையிலிருந்து அதே தொலைவில் இருக்கட்டும். நம் அடுக்குமாடிகளில் குழாய் இருப்பதாலேயே அது மீத்தேன் ஆகிவிடாது. சில கட்டடங்களில் குழாயில் ஓடுவதும் எல்பிஜிதான். நிருவாக அலுவலகத்தில் கேட்டு உறுதிசெய்துகொண்ட பிறகு, அந்தந்த வாயுவுக்கென்று செய்யப்பட்ட கருவியையே வாங்குங்கள். கருவி ஒலித்தாலோ, வாயுவில் சேர்க்கப்பட்ட நாற்றம் மூக்கில் பட்டாலோ, விளக்கையும் மின்விசிறியையும் போடவும் வேண்டாம், அணைக்கவும் வேண்டாம். வாயுவை மூடி, சன்னல்களைத் திறந்துவிட்டு வெளியே போய் அங்கிருந்து 999க்கு அழையுங்கள்.