பார்த்து முடித்த பிறகும் உங்களை விடாத குடும்பப் படம் எது?

ஜப்பானியப் படம் ஒன்று: ‘சி தோ ஹோனே’. ‘இரத்தமும் எலும்பும்’ என்று பொருள். யோய்ச்சி சாய் இயக்கி 2004இல் வந்தது. ஒரே மூச்சில் என்னால் பார்க்க முடியவில்லை. பாதியில் நிறுத்திவிட்டு, மறுநாள்தான் மீதியைப் பார்த்தேன்.

1923. ஜேஜு தீவிலிருந்து ஒசாகாவுக்குப் பிழைக்க வரும் கொரியர்கள் கப்பலில் நெருக்கியடித்து நிற்கிறார்கள். தூரத்தில் ஆலைப் புகைபோக்கிகள் தெரிந்ததும் எல்லார் முகத்திலும் அப்படி ஒரு மலர்ச்சி. அந்தக் கூட்டத்தில் ஒருவன் கிம் ஷுன்பெய். அப்புறம் நாம் பார்ப்பது, தெருவே நடுங்கும் ஒரு ஆளை. மீனை அரைத்துச் செய்யும் கமாபோகோவுக்கு ஆலை வைக்கிறான், பிறகு வட்டிக்கு விடுகிறான். மனைவியை வன்புணர்கிறான், வீட்டையே அடித்து நொறுக்குகிறான், அக்கம்பக்கத்திலேயே இன்னொருத்தியைக் குடிவைக்கிறான். மகள் ஹனாகோ தற்கொலை செய்துகொள்கிறாள். இத்தனையையும் நமக்குச் சொல்வது மகன் மசாவோ.

ஷுன்பெய்யாக நடித்தவர் தகேஷி கிதானோ. இவன் ஏன் இப்படி ஆனான் என்று படம் விளக்குவதே இல்லை. அதைக் குறையாகச் சொல்பவர்கள் உண்டு. எனக்கு அதுதான் சரி என்று படுகிறது. ஒரு காரணம் கிடைத்திருந்தால், ‘பாவம்’ என்று சொல்லிவிட்டு எழுந்து போயிருப்போம். அடி வாங்கும் பிள்ளைக்கு அந்தக் காரணத்தால் என்ன ஆகப்போகிறது?

என்னை விடாமல் துரத்துவது கியோகோவின் பகுதி. ஷுன்பெய் ஆசையோடு அக்கம்பக்கத்தில் குடிவைத்தவள் இவள்தான். மூளையில் கட்டி வந்து படுத்த படுக்கையாகிறாள். மனைவி, பிள்ளைகளிடம் ஒருநாளும் காட்டாத பொறுமையோடு அவளைக் குளிப்பாட்டிவிடுகிறான். கடைசியில் நனைத்த செய்தித்தாளை முகத்தில் வைத்து அழுத்தி, அவளைக் கொன்றும்விடுகிறான். அது இரக்கமா, வெறுப்பா? இரண்டும் அந்தக் கையில்தான் இருந்தன. இவனுக்கு அன்பே தெரியாது என்று நம்பிக்கொண்டிருந்த எனக்கு, தெரியும் என்பதுதான் இன்னும் பயங்கரமாக இருந்தது. அப்படியானால் அந்த வீட்டுக்கு அவன் அதைக் கொடுக்க மறுத்திருக்கிறான்.

கதைக்கு மூலம் யான் சோகில் எழுதிய நாவல். தன் தந்தையை வைத்தே எழுதினார். ‘இரத்தம் தாயிடமிருந்து, எலும்பு தந்தையிடமிருந்து’ என்ற கொரியப் பூசாரிப் பாட்டின் அடியிலிருந்து வந்தது தலைப்பு. அது தெரிந்த பிறகு, அப்பாவை எதிர்த்து மசாவோ கை ஓங்கும் காட்சியை என்னால் வெறும் சண்டையாகப் பார்க்க முடியவில்லை.

முதுமையில் ஷுன்பெய் சின்ன மகனைத் தூக்கிக்கொண்டு வட கொரியாவுக்குப் போய்விடுகிறான். 1959 முதல் 1984 வரை ஜப்பானிலிருந்து சுமார் 93,000 பேர் வட கொரியாவுக்குக் குடிபெயர்ந்தார்கள்.

வீட்டில் அடி உதை பார்த்து வளர்ந்தவர் என்றால், தனியாக உட்கார்ந்து பார்க்காதீர்கள். பாதியில் நிறுத்தத் தோன்றினால் நிறுத்திவிடுங்கள்.