ஹாரி டீன் ஸ்டான்டன்: கேள்வி பதில்

அமெரிக்கக் குணச்சித்திர நடிகர் ஹாரி டீன் ஸ்டான்டனைப் பற்றி நண்பர்கள் கேட்டவற்றுக்கு என் பதில்கள். சில படங்களின் முடிவையும் சொல்லியிருக்கிறேன், பார்க்காதவர்கள் கவனம்.

கேள்வி: அண்ணா, நேற்றுதான் 'ஏலியன்' பார்த்தேன். தொப்பி போட்டுக்கொண்டு பூனையைத் தேடிப் போய்ச் சாகிறாரே, அவர் யார்? எங்கேயோ பார்த்த முகமாக இருக்கிறது.

பதில்: ஸ்டான்டன்தான் தம்பி. 1950களில் தொடங்கி 2017 வரை நடித்தவர், அதனால் எங்கேயாவது பார்த்திருப்பீர்கள். 'காட்ஃபாதர்' இரண்டாம் பாகத்தில் எஃப்.பி.ஐ. ஆள். 'கிரீன் மைல்' படத்தில் சிறைக்கைதி. 2012இல் வந்த 'அவெஞ்சர்ஸ்' படத்தில், வானத்திலிருந்து விழுந்து கிடக்கும் ஹல்க்கிடம் நிதானமாகப் பேசும் காவலாளி.

'ஏலியன்' காட்சியை இன்னொரு முறை பாருங்கள். மேலேயிருந்து தண்ணீர் சொட்டுகிறது. தொப்பியைக் கழற்றிவிட்டு, அந்தத் தண்ணீரை முகத்தில் வாங்கிக்கொண்டு சும்மா நிற்கிறார். கதைக்கு அது தேவையே இல்லை. ஆனால் நாளெல்லாம் விண்கப்பல் இயந்திரத்தோடு மல்லுக்கட்டிய தொழிலாளிக்குக் கொஞ்சம் குளிர்ச்சி கிடைத்தால் எப்படி இருக்கும் என்று அந்த இடத்தில் தெரிகிறது. அதனால்தான் அடுத்த நிமிடம் அவர் சாகும்போது நமக்கு வலிக்கிறது.

கேள்வி: சினிமாவுக்கு எப்படி வந்தார்?

பதில்: 1926இல் கென்டக்கி மாநிலத்தில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரில் கடற்படைக் கப்பலில் சமையல்காரர். ஜப்பானின் ஒக்கினாவா தீவில் நடந்த சண்டையின்போது அங்கே இருந்தார். திரும்பி வந்து கென்டக்கி பல்கலைக்கழகத்தில் படித்தார், நாடக ஆசை பிடித்துக்கொண்டது, கலிஃபோர்னியாவின் பசடீனா பிளேஹவுஸில் பயிற்சி. அப்புறம் 'கன்ஸ்மோக்' மாதிரியான தொலைக்காட்சி கௌபாய் தொடர்களில் வருடக்கணக்கில் துண்டு வேடங்கள். அந்தக் காலப் பட்டியல்களில் தேடினால் 'டீன் ஸ்டான்டன்' என்று பாருங்கள். முதலில் அந்தப் பெயரில்தான் நடித்தார்.

கேள்வி: நடிகர் ஜாக் நிக்கல்சன் இவருக்கு நடிப்பு சொல்லிக்கொடுத்தார் என்கிறார்களே, உண்மையா?

பதில்: சொல்லிக்கொடுத்தார் என்பது பெரிய வார்த்தை. இருவரும் நெருங்கிய நண்பர்கள், ஒரே வீட்டில் தங்கியவர்கள். நிக்கல்சன் எழுதிய 'ரைடு இன் தி வேர்ல்விண்ட்' படத்தில் ஸ்டான்டனுக்கு ஒற்றைக்கண் கொள்ளைக்காரன் வேடம். எதையும் செய்துகாட்ட வேண்டாம், உடுப்பு நடிக்கட்டும், நீ நீயாகவே இரு என்று நிக்கல்சன் சொன்னாராம். தன் நடிப்பையே மாற்றிய யோசனை அது என்று ஸ்டான்டன் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். அதற்குப் பிறகு வந்த வேடங்களைப் பாருங்கள், வில்லன் என்று முகத்தைச் சுளிக்கவே மாட்டார்.

கேள்வி: கடைசிவரை துணை வேடம்தானா சார்? கதாநாயகனாக ஒரு படமாவது உண்டா?

பதில்: உண்டு. 1984இல் விம் வெண்டர்ஸ் இயக்கிய 'பாரிஸ், டெக்சாஸ்'. அதே வருடம் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப்பனையை வாங்கியது. அப்போது ஸ்டான்டனுக்கு 57 வயது. கதையை எழுதிய சாம் ஷெப்பர்டுதான் இவர் வேண்டும் என்றார்.

நாலு வருடம் காணாமல் போன டிராவிஸ் என்பவன் பாலைவனத்திலிருந்து நடந்து வருகிறான். இருபது நிமிடத்துக்கு மேல் ஒரு வார்த்தை பேசுவதில்லை. தம்பி கேட்கிறான், கெஞ்சுகிறான், கோபப்படுகிறான். இவன் அடுத்து எந்தப் பக்கம் நடக்கலாம் என்று பார்த்துக்கொண்டிருக்கிறான். வேறு நடிகராயிருந்தால் அந்த மௌனத்தில் ஏதாவது செய்து நிரப்பியிருப்பார். இவர் நிரப்பவில்லை.

கடைசியில் மனைவியைக் கண்டுபிடிக்கிறான். நடுவே கண்ணாடி, அவனுக்கு அவள் தெரிகிறாள், அவளுக்கு அவன் தெரிவதில்லை. தொலைபேசியில் தங்கள் கதையை யாரோ இரண்டு பேர் கதை போலச் சொல்கிறான். அதுவும் நாற்காலியைத் திருப்பிப் போட்டு, அவளுக்கு முதுகு காட்டி. குரல் எங்கேயும் உயரவில்லை. மனைவியாக நடித்த நஸ்டாசியா கின்ஸ்கியின் முகம் மாறுவதை மட்டும் நாம் பார்க்கிறோம். மூன்று பத்தாண்டு அடுத்தவர் பேச, ஓரத்தில் நின்று கேட்டுப் பழகிய நடிகர் பேச ஆரம்பித்தால் எப்படி இருக்கும் என்பதற்கு இதைவிடப் பெரிய சாட்சி எனக்குத் தெரியவில்லை.

கேள்வி: ஆஸ்கர்?

பதில்: பரிந்துரைகூடக் கிடையாது. 'பாரிஸ், டெக்சாஸ்' படத்துக்குக் கொடுக்காததை இன்றும் என்னால் ஏற்க முடியவில்லை.

கேள்வி: இவர் இருந்தால் படம் மோசமாக இருக்காது என்று ஒரு விதி உண்டாமே?

பதில்: விமர்சகர் ரோஜர் ஈபர்ட் சொன்னது. ஸ்டான்டனோ எம். எம்மெட் வால்ஷோ துணை வேடத்தில் இருந்தால் அந்தப் படம் முழுக்க மோசமாக இருக்க முடியாது என்று எழுதினார். விதிவிலக்கு உண்டு என்று பின்னால் அவரே ஒத்துக்கொண்டார். இருவரையும் ஒரே படத்தில் பார்க்க ஆசையென்றால் டஸ்டின் ஹாஃப்மன் நடித்த 'ஸ்ட்ரெய்ட் டைம்', 1978.

கேள்வி: பாடவும் செய்வாராமே?

பதில்: நன்றாகப் பாடுவார், கிட்டாரும் ஹார்மோனிகாவும் வாசிப்பார். 'கூல் ஹேண்ட் லூக்' படத்தில் சிறைக்குள் பக்திப்பாட்டுப் பாடுவது அவர்தான். கடைசிக் காலத்தில் நடித்த 'லக்கி' படத்தில் ஒரு வீட்டு விருந்தில் யாரும் எதிர்பாராமல் ஸ்பானிஷ் பாட்டு ஒன்றை எடுத்துவிடுவார். தொண்ணூறு வயதுக் குரல், கொஞ்சம் நடுங்கும், சுருதி நிற்கும்.

'லக்கி'யில் இன்னொன்றும் உண்டு. 'ஏலியன்' படத்தில் கேப்டனாக வந்த டாம் ஸ்கெரிட் ஒரு காட்சிக்கு வருகிறார். இரண்டு கிழவர்கள் உணவகத்தில் உட்கார்ந்து ஒக்கினாவா போரைப் பற்றிப் பேசுகிறார்கள். ஸ்டான்டனின் சொந்த வாழ்க்கை அந்தப் பாத்திரத்துக்குள் நேராக நுழைந்திருக்கிறது. அவர் 2017 செப்டம்பர் 15 அன்று, 91 வயதில் இறந்தார். அதே மாதக் கடைசியில் 'லக்கி' அமெரிக்கத் திரையரங்குகளுக்கு வந்தது.

கேள்வி: வீட்டில் அப்பாவோடு உட்கார்ந்து பார்க்கிற மாதிரி ஒன்று சொல்லுங்களேன்.

பதில்: டேவிட் லிஞ்ச் இயக்கிய 'தி ஸ்ட்ரெய்ட் ஸ்டோரி', 1999. தைரியமாக எல்லோரோடும் பார்க்கலாம். பேச்சுவார்த்தை இல்லாத அண்ணனைப் பார்க்க, புல்வெட்டும் வண்டியில் நூற்றுக்கணக்கான மைல் போகும் முதியவரின் கதை. ரிச்சர்ட் ஃபார்ன்ஸ்வொர்த் நடித்தது. அந்த அண்ணன்தான் ஸ்டான்டன். கடைசியில் சில நிமிடம் மட்டும் வருகிறார், ஓரிரண்டு வரிதான் வசனம். பொறுமையாகக் கடைசிவரை பாருங்கள், நடுவில் அணைத்துவிடாதீர்கள்.