இடத்தையும் நினைவையும் நிதானமாக அணுகும் ஆவணப்பட இயக்குநர்களில் உங்களை மிகவும் பாதித்தவர் யார்?

சிலி நாட்டின் பத்ரிசியோ குஸ்மான். எனக்கு இதில் தயக்கமே இல்லை.

இன்று அவ்வளவு மெதுவாகப் பேசும் இவர், இளமையில் தெருக்களில் ஓடியோடிப் படம் பிடித்தவர். மக்கள் தேர்ந்தெடுத்த அதிபர் சால்வடோர் அயெந்தே ஆட்சியின் கடைசி மாதங்களை அவர் குழு பதிவு செய்துகொண்டிருந்தபோது, 1973 செப்டம்பர் 11 அன்று ராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியது. குஸ்மான் தலைநகர் சாந்தியாகோவின் தேசிய விளையாட்டரங்கில் அடைக்கப்பட்டார். விடுதலையானதும் நாட்டைவிட்டு வெளியேறினார். அவருடைய ஒளிப்பதிவாளர் ஹோர்ஹே முல்லெர் சில்வாவை 1974இல் பிடித்துச் சென்றார்கள். அவர் திரும்பவே இல்லை. குஸ்மானின் பிற்காலப் படங்களில் உள்ள பொறுமைக்கு இந்த இழப்பின் கனம் உண்டு.

2010இல் வெளியான 'நாஸ்டால்ஜியா ஃபார் த லைட்' படத்தைப் பாருங்கள். களம் சிலியின் வடக்கிலுள்ள அட்டகாமா பாலைவனம். ஈரமே இல்லாத காற்று என்பதால் வானம் துலக்கமாகத் தெரிகிறது. உலகின் பெரிய தொலைநோக்கிகள் அங்கே நிற்கின்றன. அதே வறட்சிதான் மண்ணுக்குள் கிடக்கும் உடல்களையும் மக்கவிடாமல் வைத்திருக்கிறது. அந்த ராணுவப் புரட்சிக்குப் பின் ஆண்ட சர்வாதிகாரி பினோசேயின் ஆட்சியில் கொல்லப்பட்ட உறவுகளின் எலும்புகளைத் தேடி, கலாமா நகரத்துப் பெண்கள் பல ஆண்டுகளாக அந்த மண்ணைக் கிளறுகிறார்கள். விண்மீன்களிலும் கால்சியம், எலும்பிலும் கால்சியம் என்று படம் இரண்டு தேடல்களையும் இணைக்கும்போது, அது கவிஞரின் கற்பனையாக எனக்குப் படவில்லை. அந்த நிலத்தின் இயல்பிலேயே இருக்கும் தொடர்பு அது.

மிகெல் லாவ்னெர் என்ற கட்டடக் கலைஞர் வரும் பகுதிதான் எனக்கு இப்படத்தின் உயிர். தான் அடைக்கப்பட்டிருந்த சிறை முகாம்களைக் காலடியால் அளந்து மனத்தில் பதித்துக்கொண்டவர் அவர். இரவில் வரைவார், விடியலில் கிழித்துப் போடுவார். நாடுகடத்தப்பட்டு டென்மார்க்கில் இருந்தபோது அனைத்தையும் மறுபடி வரைந்தார். முகாமைக் கலைத்துத் தடயத்தை அழித்துவிடலாம் என்று நம்பியவர்களுக்கு ஒரு மனிதர் நடந்த நடையே பதிலாகிவிட்டது! நினைவு என்பதை ஏக்கமாக அல்லாமல் சாட்சியமாக நடத்துகிறார் குஸ்மான். நான் அவரை மதிப்பது இதற்காகத்தான்.

2015இல் வந்த 'த பேர்ல் பட்டன்' நீரைப் பற்றியது. பினோசே ஆட்சியில் கொல்லப்பட்டவர்களின் உடல்களைத் தண்டவாளத் துண்டுகளோடு கட்டிக் கடலில் எறிந்திருக்கிறார்கள். பிறகு மீட்கப்பட்ட தண்டவாளம் ஒன்றில் சட்டைப் பொத்தான் ஒட்டியிருந்தது. தென் அமெரிக்காவின் தென்கோடியான படகோனியாவின் பூர்வகுடி இளைஞன் ஒருவனை 1830இல் ஒரு முத்துப் பொத்தானுக்கு ஈடாக இங்கிலாந்துக்குக் கொண்டுபோன கதையை அதனருகே வைக்கிறார். இந்த இணைப்பு வலிந்தது என்று சிலருக்குத் தோன்றலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை, பூர்வகுடிகளின் அழிவும் பினோசே காலத்து அழிவும் அதே கடலோரத்து வரலாறு. 2019இல் வந்த ஆண்டிஸ் மலைத்தொடர் பற்றிய படம் இவ்விரண்டின் ஆழத்தை எட்டவில்லை என்பது என் கருத்து.

முதலில் அட்டகாமா படத்தைப் பாருங்கள். பிறகு அவர் 1970களில் எடுத்த, மூன்று பாகங்கள் கொண்ட 'த பேட்டில் ஆஃப் சிலி'க்குப் போங்கள்; ஹோர்ஹே முல்லெர் படம்பிடித்த காட்சிகள் அதில்தான் இருக்கின்றன.